ஓடைக்கு மேற்கே பேச்சு

எனக்கு வாய் ஜாஸ்தி. எங்க ஊரு மடவார் வளாகத்துல யாருகிட்ட வேணும்னாலும் கேட்டுப் பாருங்க. "வேலுத்தாயா? அவ வாயில விழுந்து எந்திரிக்க முடியாதே"ம்பாக. ரேசன் கடைக்காரன்ல இருந்து பஸ் கண்டக்டர் வரைக்கும் நான் வையாத ஆளு கிடையாது. அப்பேர்ப்பட்டவ ஒரு தடவை மூணு மாசம் வாயைத் தைச்சுப் போட்டமாதிரி இருந்தேன். பேச வேண்டிய நேரத்துல பேசாம இருந்தேன். அதைத்தான் சொல்லப் போறேன். நடுவுல குறுக்க எதுவும் கேக்காதீக, கேட்டா எனக்குக் கோவம் வந்துரும்.

பரிபூரணம் செத்து ஆறு வருசமாச்சு. அவ எனக்கு ஓரகத்தி. எங்க வீட்டுக்காரரு கருத்தையா மூத்தவரு, அவ புருசன் பொன்னுராஜ் இளையவன். ஒரே வீடு, நடுவுல முத்தம், முத்தத்துல கிணறு, அந்தப் பக்கம் அவ அடுப்படி, இந்தப் பக்கம் என் அடுப்படி. எங்க வீட்டுக்காரரு வத்திராயிருப்புப் பக்கம் தோப்பு வேலைக்குப் போவாரு. பொன்னுராஜுக்கு ராஜபாளையத்துல மில்லு வேலை. நாங்க ரெண்டு பொம்பளைகளும் மலையடிவாரத்துல இருக்குற செண்பகத்தோப்புக் காட்டுக்கு விறகுக்குப் போவோம். பால்கோவா போடுற இடத்துல எம்புட்டு விறகு கொண்டாந்தாலும் வாங்கிக்கிடுவாக.

விறகுக்குப் போறவ தனியாப் போக முடியாது, சோடி வேணும். ஏன்னா விறகைக் கட்டாக் கட்டிப்புட்டா அதை ஒருத்தியே தன் தலையில ஏத்திக்கிட முடியாது. முதல்ல நான் அவ தலையில ரெண்டு கையாலயும் ஏத்தி விடுவேன். பொறவு என் கட்டைப் பாறையில சாய்ச்சு நட்டமா நிறுத்திட்டு நான் குனிஞ்சு தலையைக் குடுப்பேன். அவ தன் சுமையை வலது கையால பிடிச்சுக்கிட்டு, இடது கையால என் கட்டுக்கு முட்டுக் குடுத்து ஒரு உந்து உந்துவா. அந்த ஒத்தக் கை உந்துலதான் நான் எந்திரிக்கணும். ரெண்டு பேரு உயரமும் ஒத்துப் போகணும், மூச்சும் ஒத்துப் போகணும், இல்லேன்னா கழுத்துப் பிசகிரும். அதனால ஒரு சோடி சேந்துட்டா லேசுல மாத்த மாட்டாக.

எண்பத்தஞ்சு சித்திரையில எங்க மாமியா சுடலையம்மாள் செத்துப் போனாக. எங்க பக்கத்து வழக்கம், அப்பனுக்கு மூத்தவன் கொள்ளி வைக்கணும், ஆத்தாளுக்கு இளையவன் வைக்கணும். பொன்னுராஜ் காலைச் சிப்டுக்குப் போயிருந்தான். பக்கத்து வீட்டு ஐயாதுரையைச் சைக்கிள்ல அனுப்பினோம். அங்க வாச்மேன், "சிப்டு நடுவுல ஆளைக் கூப்பிட முடியாது, சங்கு ஊதினதும் வெளியே வருவாக, பாத்துக்கோ"ன்னு சொல்லிட்டான். இவனும் சங்கு ஊதுற வரைக்கும் வேப்பமரத்தடியில உக்காந்திருந்தான். ஊதுச்சு, எல்லாரும் வந்தாக, பொன்னுராஜ் மட்டும் வரலை. அவன் அன்னைக்கு டபுள் சிப்டு பார்த்திருக்கான். உள்ளேயேதான் இருந்திருக்கான். ஐயாதுரை ஒரு வார்த்தை விசாரிக்காம, "ஆளு பஸ்ஸேறிட்டான் போல"ன்னு நினைச்சுச் சைக்கிளைத் திருப்பிட்டான்.

சித்திரை வெயில். பொழுது சாயுறதுக்குள்ள எடுத்துரணும்னு ஊர்ப் பெரியவுக நெருக்கினாக. எங்க வீட்டுக்காரரு செத்த நேரம் பாப்போம், செத்த நேரம் பாப்போம்னு ரெண்டு தடவை சொன்னாரு. மூணாவது தடவை சொல்லலை. அவரே கொள்ளி வச்சுட்டு வந்துட்டாரு. டபுள் முடிச்சு வந்த பொன்னுராஜ் பார்த்தது கழுவி விட்ட முத்தத்தைத்தான்.

அவன் அழலை. பதினாறாம் நாள் காரியம் முடிஞ்சதும், எல்லாரும் இருக்கும்போதே உள்ளங்கையில சூடத்தைக் கொளுத்தினான். "எங்கம்மா முகத்தைப் பாக்க விடாதவன் வீட்டுல இனிமே எனக்குப் பச்சத் தண்ணி கிடையாது, பேச்சுக் கிடையாது"ன்னு சொல்லி மறு கையால அடிச்சு அணைச்சான். அதோட விட்டானா? பொண்டாட்டி கையைப் பிடிச்சு இழுத்து அவ உள்ளங்கையிலயும் ஒரு சூடத்தை வச்சு, "நீயும் அணை"ன்னான். அவ என்னைப் பாத்தா. பாத்துக்கிட்டே அணைச்சா. எங்க வீட்டுக்காரரு சூடம் எல்லாம் கொளுத்தலை. "அவ பேசாட்டா நீ எதுக்குப் பேசுத, உனக்கு ரோசம் இல்லையா?"ன்னு ஒரு வார்த்தைதான் கேட்டாரு. எனக்கு இல்லாத ரோசமா?

வீட்டுக்குள்ள பேச்சு நின்னுபோச்சு. ஆனா அடுப்பு எரிய வேண்டாமா? சோடி மாத்திக்கிடலாம்னு நானும் தேடினேன், அவளும் தேடினா. எல்லாரும் சோடி சேந்து கிடக்காளுக. எங்க ரெண்டு பேரைத்தான் ஒருத்தியும் சேத்துக்கிடலை. வேற வழியில்லாம அவ முன்னால போக நான் பின்னால போனேன்.

காட்டுல கட்டைத் தூக்கி விடுன்னு எப்படிக் கேக்குறது? அவ ஒரு உசிலை மரத்தைப் பாத்து, "ஏ மரமே, என் கட்டு ரெடி ஆயிட்டு"ம்பா. நான் போய்த் தூக்கி விடுவேன். என் முறை வந்ததும், "ஏ பாறையே, இங்கன ஒருத்தி குனிஞ்சுக்கிட்டு நிக்கா, கண்ணு தெரியுதா?"ம்பேன். நான் மரத்தையும் பாறையையும் வஞ்ச வசவுக்கு அதுக்கு உசுரு இருந்தா ஊரை விட்டே ஓடியிருக்கும். இப்படி ஒரு மாசம் போச்சு.

ஒரு நாள் ஓடையில கால் வைக்கும்போது பாசி வழுக்கி, விறகோட தடால்னு உக்காந்துட்டேன். கட்டு அவுந்து தண்ணியில போகுது, நான் இடுப்பு வரைக்கும் நனைஞ்சு கிடக்கேன், அப்பவும் வாய் நிக்கலை, ஓடையை வையுதேன். கரையில நின்னவளுக்குச் சிரிப்பு வந்துட்டு. அடக்கிப் பாத்தா, முடியலை. தலைச் சுமையைத் தள்ளிவிட்டுட்டு வயித்தைப் பிடிச்சுக்கிட்டுச் சிரிக்கா. எனக்கு வந்த கோவத்துல, "என்னட்டி சிரிப்பு, மூதேவி"ன்னு நேராவே கேட்டுட்டேன். கேட்டதும் எனக்கும் சிரிப்பு வந்துட்டு. சிரிச்சுச் சிரிச்சு, பொறவு அவ அழ ஆரம்பிச்சா. "அத்தை முகத்தை நானும் சரியாப் பாக்கலைக்கா, கூட்டத்துல தள்ளிவிட்டுட்டாக"ன்னா. அன்னைக்கு அந்தத் தண்ணியிலயே உக்காந்து ரெண்டு பேரும் மாமியாளுக்கு அழுது முடிச்சோம். வீட்டுல ஒப்பாரி வச்சது எல்லாம் ஊருக்காக வச்சது.

அதுக்குப் பொறவு ஒரு வரைமுறை தானா வந்துட்டு. ஓடைக்கு மேற்கே பேச்சு. ஓடையைத் தாண்டிக் கிழக்கே வந்துட்டா பேச்சுக் கிடையாது. ஊர் எல்லை வந்ததும் அவ கோயில் பக்கமாச் சுத்திப் போவா, நான் கண்மாய் வழியா வருவேன். வீட்டுல கிணத்தடியில எதிர எதிர நின்னாலும் மூஞ்சியைத் திருப்பிக்கிடுவோம். காட்டுல பேசினது வீட்டுக்குப் போகக் கூடாதுன்னு அவ சொன்னா, நானும் சரின்னேன். சூடம் அணைச்சது அவ. பயம் அவளுக்குத்தான் இருந்துச்சு.

நான் ஒண்ணு சொல்லுதேன் கேளுங்க. அந்த வீட்டுக்குள்ள பதினோரு வருசம் அவளோட இருந்திருக்கேன். அவ எம்புட்டு எண்ணெய் ஊத்துதா, எந்தக் குடத்தை முதல்ல வைக்கா, எம்பிள்ளைகளுக்குக் குடுத்த முறுக்குல எதை ஒடைச்சா, இதுதான் எனக்குத் தெரியும். அவளுக்கும் என்னைப் பத்தி அம்புட்டுத்தான் தெரியும். காட்டுல என் அடுப்படி கிடையாது, அவ அடுப்படி கிடையாது. அவளுக்கு முள்ளு குத்தினா நான்தான் எடுக்கணும், எனக்குத் தாகம் எடுத்தா அவ தூக்குவாளிதான். களாக்காய் பறிச்சுத் தின்னுக்கிட்டே அவ பேசுவா. சின்னப் பிள்ளையில அவளுக்குப் பள்ளிக்கூடம் போக எம்புட்டு ஆசை, அவ மக செல்லக்கனிக்கு முந்தி ரெண்டு பிள்ளைக தங்காமப் போச்சே அது, அவ புருசன் தூக்கத்துல அம்மாவைக் கூப்பிடுறது, எல்லாம் அங்கதான் சொன்னா. நான் யாருக்கும் சொல்லாத ஒண்ணைச் சொன்னேன். எனக்கு ஊரு பூரா வையுறதுக்குத் தெரியுது, புருசன் கையை ஓங்கினா மட்டும் வாய் வரமாட்டேங்குன்னு சொன்னேன். அவ என் தலையில ஒட்டியிருந்த சருகை எல்லாம் ஒவ்வொண்ணா எடுத்துவிட்டா. பெத்த தாய் கூட எனக்கு அப்படிச் செஞ்சதில்லை.

இப்படி ரெண்டு வருசம். எண்பத்தேழு ஆனியில ஒரு நாள், புளியமரத்து நிழல்ல கஞ்சி குடிச்சுக்கிட்டு இருக்கோம். மேல சாம்பல் அணிலு புளியங்காயைக் கடிச்சுக் கடிச்சுக் கீழ போடுது. பரிபூரணம் கஞ்சியைப் பாதியில வச்சுட்டு, "அக்கா, உங்க கையைக் குடுங்க"ன்னா. என் கையைப் பிடிச்சு அவ இடது மாருல வச்சா. சுண்டைக்காய்க்குக் கொஞ்சம் பெருசா, கல்லு மாதிரி ஒண்ணு தட்டுப்பட்டது. அமுக்கினா நகரலை.

"வலிக்குதாட்டி?"

"இல்லக்கா. வலியே இல்ல. அதான் பயமாயிருக்கு."

"எம்புட்டு நாளா?"

"மாசியில இருந்து. இப்ப பெருசாயிருக்கு."

"பெரியாஸ்பத்திரிக்குப் போவோம்"னேன். மாட்டேன்னுட்டா. ஆம்பளை டாக்டர்கிட்ட எப்படிக் காட்டுறதுன்னா. பொம்பளை டாக்டர் இருப்பாகட்டின்னேன். அதுக்கும் தலையை ஆட்டினா. பொறவு வெளிய வந்துச்சு விசயம். "இது நோய் இல்லக்கா. சூடம் அணைச்ச குத்தம். இந்தக் கையில வச்சுத்தானே அணைச்சேன்? இந்தக் கைப் பக்கம்தானே வந்திருக்கு? சத்தியத்தை மீறி ரெண்டு வருசமா உங்களோட பேசிக்கிட்டு இருக்கேன். அதான் சாமி குடுத்திருக்கு"ன்னா.

நான் என்ன சொல்லியிருக்கணும்? "போட்டி கிறுக்கி"ன்னு முதுகுல ஒண்ணு வச்சுத் தரதரன்னு இழுத்துக்கிட்டுப் போயிருக்கணும். நான்தான் வாய்க்காரியாச்சே! ஆனா நான் இழுத்துக்கிட்டுப் போகலை. ஏன்னா எனக்கும் அந்த நேரம் அது சரின்னு பட்டது. சூடத்தை அணைச்சுட்டு மீறினவன் கண்ணு போச்சு, காலு போச்சுன்னு கேட்டுக் கேட்டு வளந்தவதானே நானும். என்னால அவளுக்கு வந்துட்டேன்னு நினைச்சேன்.

"மூணு மாசம் பேசாம இருந்து பாப்போம்க்கா. புரட்டாசிக்குள்ள கரைஞ்சிரும். கரையலேன்னா நீங்க சொல்ற இடத்துக்கு வாரேன். அதுவரைக்கும் நீங்களும் யாருகிட்டயும் மூச்சு விடக் கூடாது. எங்க வீட்டு ஆளுக்குத் தெரிஞ்சா நாம பேசினதும் தெரிஞ்சு போகும்"ன்னா. நான் சரின்னேன். அந்தப் பாவி வாய் சரின்னு சொல்லிட்டு.

மறுநாள்ல இருந்து ஓடைக்கு மேற்கேயும் பேச்சு இல்லை. மரத்தைப் பாத்தும் பேசலை, பாறையைப் பாத்தும் பேசலை. ஜாடையாப் பேசினாலும் பேச்சுத்தானே? அவ கட்டுக் கட்டினதும் சும்மா நிப்பா, நான் போய்த் தூக்கி விடுவேன். நான் குனிவேன், அவ உந்துவா. கஞ்சி குடிக்கும்போது அவ துவையலை என் பக்கம் நகத்தி வைப்பா, நான் வெங்காயத்தை உரிச்சு அவ பக்கம் வைப்பேன். மேற்க இருந்து காத்து அடிச்சா மரம் எல்லாம் சத்தம் போடும், அதுக்கு நடுவுல நாங்க ரெண்டு பேரும் ஊமையா உக்காந்திருப்போம். தினமும் அவ முகத்தைப் பாத்து, கரைஞ்சிருக்கான்னு புருவத்தைத் தூக்குவேன். கொஞ்சம் குறைஞ்சிருக்குன்னு விரலால காட்டுவா. பொய்யி. பின்னால தெரிஞ்சது, அம்புட்டும் பொய்யி. எனக்காகச் சொன்னாளோ தனக்காகச் சொன்னாளோ, நான் கேட்டுக்கிடலை.

ஒரு நாளு எனக்குத் தாங்கலை. தூரமாப் போய் ஒரு பாறைக்குப் பின்னால நின்னு, முந்தானையை வாயில அமுக்கிக்கிட்டுச் சாமியை வஞ்சேன். உனக்கு வேற ஆளே கிடைக்கலையான்னு கேட்டேன். திரும்பி வந்தா அவ என் விறகையும் சேத்துப் பொறுக்கி வச்சிருக்கா.

புரட்டாசி பிறந்துச்சு. ஒரு வெள்ளிக்கிழமை, கட்டைத் தூக்குற நேரம். அவ தலையில ஏத்தி விட்டுட்டு என் கட்டுக்கு நான் குனிஞ்சேன். உந்து வரலை. கொஞ்சம் பொறுத்தேன், வரலை. நிமிந்து பாத்தா, இடது கை தோளுக்கு மேல எந்திரிக்கலை. முகம் வேர்த்துக் கொட்டுது, உதட்டைக் கடிச்சுக்கிட்டு நிக்கா. அவ தலையில இருந்த கட்டைத் தள்ளிவிட்டேன். அவ சட்டைக்குள்ள கையை விட்டேன். சுண்டைக்காயா? எலுமிச்சம்பழம்! கக்கத்துலயும் ரெண்டு மூணு உருண்டு நின்னுச்சு.

"ஆத்தாடி, என்னட்டி இது?"ன்னு அலறிட்டேன். அவ என் வாயைப் பொத்தினா. "பேசாதீகக்கா, இன்னும் பதினஞ்சு நாள் இருக்கு, கெடுத்துராதீக"ன்னு அழுதா. அவ கையைத் தட்டி விட்டேன். விறகையும் அங்கனயே போட்டேன், அவளையும் அந்தப் பக்கம் விறகு பொறுக்கிக்கிட்டு இருந்த பொம்பளைககிட்ட விட்டேன். விறுவிறுன்னு நடந்து பஸ் ஸ்டாண்டுக்கு வந்து ராஜபாளையம் பஸ்ஸைப் பிடிச்சேன். சேலையில முள்ளு, தலையில சும்மாடு, அந்தக் கோலத்துலயே போனேன்.

மில்லு கேட்டுல அதே பதில். "சிப்டு நடுவுல கூப்பிட முடியாதும்மா. சங்கு ஊதுற வரைக்கும் உக்காரு"ன்னான் வாச்மேன். நான் உக்காரலை. எனக்குக் கடவுள் குடுத்த வாய் அன்னைக்குத்தான் உருப்படியா உதவுச்சு. "ஏலே, ஒரு தடவை சங்கு ஊதட்டும்னு காத்திருந்துதான் எங்க குடும்பம் நாசமாப் போச்சு. இப்ப கதவைத் திறக்கியா, நான் ஏறிக் குதிக்கட்டுமா?"ன்னு கத்தினேன். உள்ள இருந்து மேஸ்திரி ஓடி வந்தாரு, கிளார்க்கு ஓடி வந்தாரு. கடைசியில பொன்னுராஜ் தலையெல்லாம் பஞ்சோட வந்து நின்னான்.

ரெண்டு வருசத்துல அவன் என் முகத்தைப் பாத்தது அன்னைக்குத்தான். நான் எல்லாத்தையும் சொன்னேன். மாருல கட்டி, கை தூக்க முடியலை, என்கிட்டதான் காட்டினா, நாங்க காட்டுல பேசிக்கிட்டுத்தான் இருந்தோம், நீ சூடம் அணைக்க வச்சேன்னு பயந்து கிடக்கா, எல்லாம் சொன்னேன்.

"நீங்க ரெண்டு பேரும் பேசிக்கிட்டா இருந்தீக?"ன்னு கேட்டான்.

எனக்கு வந்ததே ஆத்திரம். "பேசினோம்லே! வாய் இருக்கு, பேசினோம். நீங்க அண்ணனும் தம்பியும் ஆளுக்கொரு மூலையில விறைச்சுக்கிட்டு நில்லுங்க. அவ செத்தா அவளுக்கும் ஒரு சூடத்தைக் கொளுத்து"ன்னேன். கேட்டுக்கு முன்னால வாய்க்கால் பாலம் ஒண்ணு உண்டு. அதுல உக்காந்துட்டான். பஞ்சு ஒட்டின கையால முகத்தை மூடிக்கிட்டான். பொறவு கையை எடுத்துட்டு, "மதினி, நீங்களும் மதுரைக்கு வாரீகளா? எனக்கு ஒண்ணும் தெரியாது"ன்னான். சின்னப் பிள்ளை மாதிரி கேட்டான். வாரேன்னு சொன்னேன்.

பரிபூரணம் பஸ்ஸுல என் பக்கத்துலதான் உக்காந்திருந்தா. மதுரை போற வரைக்கும் என்னைத் திரும்பிப் பாக்கலை. நான் வாக்கு மீறிட்டேன்ல. ஆஸ்பத்திரியில படுத்துக்கிட்டும் என்கூடப் பேசலை. பொன்னுராஜ் தான் ஊருக்கு வந்து, குலசாமி கோயில்ல ஒரு சூடத்தைக் கொளுத்தி, அது தானா எரிஞ்சு அணையுற வரைக்கும் நின்னு, "நான் பண்ணின சத்தியம் என்னோட போகட்டும், அவளை விட்டுரு"ன்னு கும்பிட்டுட்டு வந்தான். அந்தத் திருநீறை அவ நெத்தியில வச்சான். அதுக்குப் பொறவுதான் அவ வாயைத் திறந்தா. "அக்கா சாப்பிட்டாகளா?"ன்னு அவன்கிட்டக் கேட்டா. நான் கட்டிலுக்கு அந்தப் பக்கம்தான் நிக்கேன். எனக்கு அழுகை வந்துட்டு.

மாரை எடுத்தாக. எங்க வீட்டுக்காரரு மூணு நாளைக்கு ஒரு தடவை கஞ்சியும் ரொட்டியும் வாங்கிக்கிட்டு வந்தாரு. அண்ணனும் தம்பியும் வராண்டாவுல பக்கத்துப் பக்கத்துல நிப்பாக. ஒருத்தர் பீடி பத்த வச்சா இன்னொருத்தருக்கு நீட்டுவாரு. அம்புட்டுத்தான் அவியளுக்குத் தெரிஞ்ச சமாதானம். போகட்டும்.

டிஸ்சார்ஜ் அன்னைக்கு டாக்டரம்மா என்னைத் தனியாக் கூப்பிட்டாக. பொன்னுராஜ் மருந்து வாங்கக் கீழ போயிருந்தான். நல்ல டாக்டரம்மா, எம்மேல கோவப்படலை. "முடிஞ்ச வரைக்கும் எடுத்திருக்கோம். ஆனா கக்கத்தைத் தாண்டிப் போயிருச்சு. திரும்ப வரும்மா. ஒரு வருசம், மிஞ்சினா ஒண்ணரை வருசம்"னாக. "இன்னும் முந்தி வந்திருந்தா?"ன்னு கேட்டேன். ஏன் கேட்டேனோ, கேட்டுட்டேன். ஃபைலைப் புரட்டிப் பாத்துட்டு, "மூணு மாசம் முந்தி வந்திருந்தாப் பிழைக்க வச்சிருக்கலாம்"னாக.

மூணு மாசம். அவிய நாலு மாசம்னு சொல்லியிருக்கலாம், ரெண்டு மாசம்னு சொல்லியிருக்கலாம். சரியா மூணு மாசம்னு சொன்னாக. நான் பல்லைக் கடிச்சுக்கிட்டு, மரத்துக்கு மரம் அவ பின்னாலயே ஊமையா நடந்த அந்த மூணு மாசம். யாருகிட்டயும் நான் இதைச் சொல்லலை. பொன்னுராஜ்கிட்டச் சொன்னா அவன் உடைஞ்சு போவான். எங்க வீட்டுக்காரருகிட்டச் சொன்னா, "உன் வாய் அப்ப எங்கட்டி போச்சு?"ன்னு கேப்பாரு. கேக்க வேண்டிய கேள்விதானே.

அதுக்குப் பொறவு அவளால சுமை தூக்க முடியாது. நானும் விறகுக்குப் போறதை நிப்பாட்டிட்டேன். வேற ஒருத்தியோட சோடி சேர எனக்கு மனசு வரலை. அடுத்த வருசக் கடைசியில அந்தக் காட்டையே அணிலுக்குச் சரணாலயம்னு சொல்லி, வாட்சர் போட்டு, விறகு எடுக்கக் கூடாதுன்னுட்டாக. வெளியில நடக்கணும்னு டாக்டரம்மா சொல்லியிருந்ததால, சாயங்காலம் சாயங்காலம் அவளைக் கண்மாய்க் கரைக்குக் கூட்டிக்கிட்டுப் போவேன். ஊர் பாக்க, தெரு பாக்க, ரெண்டு பேரும் பேசிக்கிட்டே போவோம். முதல் நாள் சனம் எல்லாம் வாசலுக்கு வந்து வேடிக்கை பாத்துச்சு. "என்ன, சினிமாவா காட்டுதாக?"ன்னு கேட்டு விரட்டிவிட்டேன்.

ஆபரேசன் முடிஞ்ச அந்தத் தை மாசம் ஒரு நாள், கண்மாய் நிறைஞ்சு கிடந்துச்சு. மேற்க மலையில வெயில் இறங்கிக்கிட்டு இருந்தது. கரையில உக்காந்தோம். அவளுக்கு உடம்பு கொஞ்சம் தேறியிருந்துச்சு, முகத்துல தெளிவு வந்திருந்தது. செல்லக்கனியை எத்தனாவது வரைக்கும் படிக்க வைக்கிறது, அவளுக்கு எந்த ஊருல மாப்பிள்ளை பாக்குறதுன்னு எல்லாம் பேசிக்கிட்டு இருந்தா. நான் உம் கொட்டிக்கிட்டே அவ கழுத்தைப் பாத்தேன். காறை எலும்புக்கு மேல, முந்தின வாரம் இல்லாத ஒரு வீக்கம். நான் பாத்ததை அவ பாக்கலை. சேலையை இழுத்து அவ தோள்ல போத்திவிட்டேன்.

"அக்கா, ஒண்ணு சொல்லட்டுமா?"ன்னா. "எல்லாரும் ஆபரேசன்ல பிழைச்சேன்னு சொல்லுதாக. எனக்கும் உங்களுக்கும்தான் தெரியும். அந்த மூணு மாசம் நாம வாயைத் திறக்காம இருந்தோமே, அதுக்குத்தான் சாமி மாரோட விட்டுட்டு. இல்லேன்னா உசுரை எடுத்திருக்கும். உங்களுக்கு அது எம்புட்டுக் கஷ்டம்னு எனக்குத் தெரியும்க்கா. நீங்க பேசாம இருந்தீக பாருங்க, எனக்காக. வேற யாரு இருப்பாக்கா?"

ஏட்டி கிறுக்கி, அதுலதாண்டி நீ போனே, நானும் சேந்துதாண்டி உன்னை அனுப்புதேன்னு கத்திரணும் போல இருந்துச்சு. ஊரு பூரா உண்மையை மூஞ்சிக்கு நேரா சொல்லுதவ நான். அவ கண்ணைப் பாத்தேன். அம்புட்டு நம்பிக்கையா என்னைப் பாத்துக்கிட்டு இருந்தா. அவளைத் தவிர யாரும் என்னை அப்படிப் பாத்ததில்லை.

"ஆமால்லக்கா?"ன்னு திரும்பக் கேட்டா.

"ஆமாட்டி, அதுலதான் நீ பிழைச்சே"ன்னேன்.